பலாமரத்து வீட்டு அடுப்பு

எந்த ஊர் என்று யாராவது கேட்டால் எனக்குச் சுள்ளென்று கோபம் வரும். கேட்பவர் பாவம், சும்மா பேச்சுக்குக் கேட்டிருப்பார். ஆனால் என் நிலைமை அப்படி. நான் பிறந்தது ஜவ்வாது மலையில். அப்பாவுக்குப் போளூரில் ஒரு மாணவர் விடுதியில் சமையல் வேலை கிடைத்ததும், நான் பள்ளிக்கூடம் சேருவதற்கு முன்பே குடும்பம் கீழே இறங்கிவிட்டது. போளூர்ப் பள்ளிக்கூடத்தில் நான் மலைக்காரப் பொண்ணு. திருவிழாவுக்கு மலை ஏறினால் போளூர்க்காரி. படிக்கச் சென்னை போனேன். அங்கே போளூர் என்றால் யாருக்கும் தெரியவில்லை. "வேலூர் பக்கமா?" என்றார்கள். ஆமாம், பக்கம்தான். எல்லா ஊருக்கும் பக்கத்தில் இருக்கிறவள் நான்.

இந்த எரிச்சலில் இருந்துதான் என் படம் வந்தது. தயாரிப்பாளர் என்று யாரும் கிடையாது. நானும் ஒளிப்பதிவு செய்யும் என் நண்பனும் கல்யாண வீடியோ எடுத்துப் பிழைக்கிறவர்கள். முகூர்த்தம் இல்லாத மாதங்களில் என் படத்தை எடுத்தோம். கதை கிடையாது. மூடுபனி வரும், சாமை அடிக்கிற பாறை வரும், பூட்டிய கதவு வரும், நடுவில் என் குரலில் நான் எழுதிய வரிகள் வரும். அம்மாவுக்குக் கொஞ்சம் போட்டுக் காட்டினேன். ரொம்ப நேரம் பார்த்துவிட்டு, "பனி எப்பொ வெலகும்?" என்று கேட்டாள். நான் மடிக்கணினியைப் படாரென்று மூடினேன்.

படத்தில் கடைசிக் காட்சி மட்டும்தான் பாக்கி. அது என்னவென்று எப்போதோ முடிவு செய்திருந்தேன். எங்கள் ஊர்க் காளியம்மன் கோயில் முன்னால் நீளமாக ஒரு வெளி உண்டு. தை மாதம் புதுச் சாமையில் பொங்கல் வைப்பார்கள். ஒவ்வொரு வீட்டுக்கும் மூன்று கற்கள், ஒரே வரிசையாக. பொங்கல் முடிந்தாலும் அந்தக் கற்களை எடுக்கமாட்டார்கள். கரி பிடித்து வருஷம் முழுக்க அங்கேயே கிடக்கும். அதில் எங்கள் வீட்டுக் கல்லும் மூன்று. மலையில் எங்கள் வீட்டுக்குப் பலாமரத்து வீடு என்று பெயர். மரம் நான் பிறக்கும் முன்பே காற்றில் விழுந்துவிட்டது, பெயர் நிற்கிறது. அப்பா இருந்தவரை தை மாதம் தவறாமல் ஏறிப் போய்ப் பொங்கல் வைத்தோம். அப்பா போன பிறகு அம்மாவுக்கு முட்டி வலி வந்துவிட்டது. எங்கள் கல்லில் நெருப்பு வைத்து வருஷங்கள் ஆகிவிட்டன.

நெருப்பில்லாத மூன்று கல், சுற்றிலும் பனி, ஆளில்லாத வெளி. அதன் மேல் என் குரல். ஊர் என்னை விட்டுப் போய்விட்டது என்று படம் முடியும். நினைத்தாலே எனக்குக் கண் கலங்கும். என் வரிகளுக்கு நானே அழுகிற ஆள் நான்.

பொங்கலுக்குக் கொஞ்ச நாள் முன்னால் நானும் நண்பனும் காலை பஸ்ஸில் மலை ஏறினோம். போய்ப் பார்த்தால் அங்கே ஆளில்லாத வெளி எங்கே இருக்கிறது? என் அத்தை மகள், என் வயசுக்காரி, உள்ளூரிலேயே வாக்கப்பட்டவள், தார்ப்பாய் விரித்துப் புளி காயப் போட்டுக்கொண்டிருந்தாள். ஆடுகள் குறுக்கே போயின. வரிசையில் எங்களுக்கு இடது பக்கத்து அடுப்பு அவளுடையது. வலது பக்கத்து அடுப்புதான் வரிசையில் கடைசி, அதன் சொந்தக்காரர் எனக்குப் பெரியப்பா முறை. அவர் காலையிலேயே புது நீலச் சட்டை போட்டு, தலையை எண்ணெய் வைத்துப் படிய வாரி, கேமராவுக்குப் பக்கத்தில் வந்து நின்றார்.

"பெரியப்பா, கொஞ்சம் அந்தப் பக்கம் போங்க" என்றேன்.

போனார். பிறகு பார்த்தால் மறு பக்கத்தில் இருந்து வந்துகொண்டிருந்தார்.

"பெரியப்பா! சட்டை தெரியுது!"

அத்தை மகளையும் தார்ப்பாயைச் சுருட்டச் சொன்னேன். ஆடுகளை நானே விரட்டினேன். ஒரு வழியாக வெளி காலியானது. அப்போது நண்பன் கண்ணைச் சுருக்கிக்கொண்டு சொன்னான், "வெளிச்சம் கல் மேல விழல. புளிய மரம் மறைக்குது. கல்லு கொஞ்சம் முன்னாடி இருந்தா நல்லா இருக்கும்."

சினிமாவில் இது ஒரு விஷயமே இல்லை. நாற்காலியை நகர்த்துவோம், பூந்தொட்டியை நகர்த்துவோம், கல்யாண வீடியோ என்றால் மாப்பிள்ளையையே நகர்த்துவோம். மூன்று கல்லையும் ஒவ்வொன்றாகத் தூக்கி வெயில் விழுகிற இடத்தில் வைத்தேன். என் கை முழுக்கக் கரி. காட்சி அற்புதமாக வந்தது. எடுத்து முடிக்கும்போது பனி கட்டிக்கொண்டு இறங்கியது. மதிய பஸ்ஸை விட்டால் அன்றைக்கு வேறு கிடையாது. பெட்டியைக் கட்டி ஓடினோம். கற்களைத் திரும்ப வைக்க வேண்டும் என்று எனக்குத் தோன்றவே இல்லை.

மறுநாள் போளூர் வீட்டில் அம்மா போனைக் காதில் வைத்தபடி சமையலறையில் இருந்து வந்தாள். முகம் வெளுத்திருந்தது.

"கல்லை எட்த்துட்டியா?"

"எந்தக் கல்லு?"

"நம்ம வூட்டு அடுப்புக் கல்லு. நீயே ஒன் கையால தூக்கி வெளியில வெச்சியாமே? ஊரே பாத்துச்சாம்."

பிறகுதான் எனக்கு விஷயம் புரிந்தது. பிழைக்கப் போகிறவர்கள் கேரளாவுக்குப் போகலாம், பெங்களூருக்குப் போகலாம், எத்தனை வருஷம் வேண்டுமானாலும் வராமல் இருக்கலாம். அவர்கள் வீட்டுக் கல்லை யாரும் தொடமாட்டார்கள், இடம் அப்படியே இருக்கும். ஆனால் அந்த வீட்டு ஆளே வந்து தன் கையால் கல்லைத் தூக்கி வரிசைக்கு வெளியே வைத்தால், இனி இந்த ஊரில் எங்களுக்கு ஒட்டும் உறவும் இல்லை என்று அர்த்தம். உடனே பக்கத்து வீட்டுக்காரர் தன் கல்லை நகர்த்தி இடைவெளியை மூடிவிடுவார். வரிசையில் ஓட்டை இருக்கக் கூடாது. பெரியப்பா அன்றைக்குச் சாயங்காலமே தன் கற்களை எங்கள் இடத்துக்கு நகர்த்திவிட்டார்.

"எனக்குத் தெரியாதும்மா."

"தெரியலன்னா கேக்கணும். அங்க அத்தினி பேரு நின்னாங்களே, வாயில இன்னா கொழுக்கட்டையா வெச்சிருந்த?"

"மூணு கல்லுக்கு இவ்ளோ ரகளையா? வேற எடத்துல வெச்சாப் போச்சு!" என்று நானும் கத்தினேன்.

அம்மா அலமாரி மேலிருந்து புது மண்பானையை எடுத்து என் முன்னால் வைத்தாள். முட்டி ஆபரேஷன் முடிந்து இப்போதுதான் கைத்தடி இல்லாமல் நடக்க ஆரம்பித்திருந்தாள். இந்தத் தைக்கு மலை ஏறிப் பொங்கல் வைப்பதாக வேண்டிக்கொண்டு, அத்தை மகளிடம் புதுச் சாமைக்கும் சொல்லி வைத்திருக்கிறாள். என்னிடம் சொல்லவில்லை. நான்தான் படம் படம் என்று திரிந்துகொண்டிருந்தேனே.

"நா வாக்கப்பட்டு வந்து மொத பொங்கல் வெச்ச எடம் அது. ஒங்கப்பன் குந்தி ஊதின எடம். இப்பொ நா எங்க போயி வெப்பேன்?" என்றாள். அழுதாள். மடிக்கணினிப் பையை மாட்டிக்கொண்டு அடுத்த பஸ்ஸைப் பிடித்து மறுபடி மலை ஏறினேன்.

கோயில் வெளியில் முதலில் எதிர்ப்பட்டது அத்தை மகள்தான். இடுப்பில் கை வைத்துக்கொண்டு நின்றாள்.

"சினிமாக்காரம்மா வந்துட்டாங்கோ. இந்தத் தடவ இன்னாத்தத் தூக்கிக்கினு போவப் போறீங்கோ? கோயிலையா?"

"ஏன்டி நீயும் குத்தற?"

"குத்தாம? சொல்லிட்டுப் போறதுக்கு நா ஒருத்தி இல்லியா? பக்கத்து அடுப்புக்காரிக்கே தெரியாம ஊர வுட்டுப் போறாங்களேன்னு ராத்திரி முழுக்க எனக்குத் தூக்கம் இல்ல." நான் அவள் கையைப் பிடித்துக்கொண்டு நடந்ததைச் சொன்னேன். முழுவதும் கேட்டுவிட்டு, "வெளிச்சத்துக்கா?" என்றாள். "அடிப்பாவி!" என்று தலையில் அடித்துக்கொண்டாள்.

ஊர்க்கவுண்டர் வந்தார். ஊர் வழக்குகளைத் தீர்த்து வைப்பவர் அவர்தான். பெரியப்பாவும் வந்து தள்ளி நின்றார், என் முகத்தைப் பார்க்கவில்லை. நான் சொன்னதைக் கவுண்டர் நம்பாமல் இல்லை. ஆனால், "ஊர் பாத்துது எட்த்ததை. நீ எதுக்கு எட்த்தன்னு ஊருக்குத் தெரிய வேணாமா?" என்றார்.

என்னிடம் சாட்சி இருந்தது. நண்பன் கேமராவை ஓட விட்டுவிட்டு நிறுத்த மறக்கிற ஆள். அதற்காக எத்தனையோ முறை திட்டியிருக்கிறேன். கோயில் படியில் மடிக்கணினியை வைத்து அன்றைக்கு எடுத்ததை எல்லாம் அப்படியே ஓட விட்டேன். சுற்றிலும் கூட்டம்.

முதலில் கேட்டது என் குரல். பெரியப்பா, சட்டை தெரியுது! கூட்டம் குபீரென்று சிரித்தது. நீலச் சட்டை இடது பக்கம் வெளியே போனது, வலது பக்கம் உள்ளே வந்தது. தார்ப்பாய் சுருண்டது. நான் ஆடுகளை விரட்டினேன்.

"பாத்துக்குங்கோ, ஆடு ஒண்ணு, நா ஒண்ணு. ரெண்டு பேரையும் ஒரே மாதிரிதான் வெரட்டறா" என்றாள் அத்தை மகள்.

நண்பன் வெளிச்சம் இல்லை என்பதும், நான் சிரித்துக்கொண்டே கற்களைத் தூக்குவதும், கரிக் கையை அவன் சட்டையில் துடைப்பதும் வந்தன. எல்லோரும் சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. ஊர் என்னை விட்டுப் போய்விட்டது என்று சொல்லத்தான் அந்தக் காட்சி. ஊர் எங்கும் போகவில்லை. புதுச் சட்டை போட்டுக்கொண்டு என் கேமரா முன்னால்தான் வந்து நின்றிருக்கிறது. நான்தான் போ போ என்று விரட்டி வெளியைக் காலி பண்ணியிருக்கிறேன். வெட்கமாக இருந்தது. கூடவே, எப்படிச் சொல்ல, உள்ளுக்குள் ஒரு சந்தோஷமும் இருந்தது.

"ஊர வுட்டுப் போறவ இப்டி இளிச்சிக்கினு கல்லு தூக்கமாட்டா. பொங்கல் அன்னிக்கி எட்த்த கையே வெக்கட்டும்" என்றார் கவுண்டர். "எந்த வூடுன்னு நா கேப்பேன். நீ சொல்லணும். ரெண்டு பக்கத்து வூடும் ஆமான்னு சொல்லணும். ஆனா ஒண்ணு, ஒங்க எடத்துல இப்பொ அவரு கல்லு கீது. அத அவருதான் எடுக்கணும். நானே சொன்னாலும் வேற ஆளு தொடக்கூடாது."

எல்லோரும் பெரியப்பாவைப் பார்த்தார்கள். அவர் தொண்டையைச் செருமினார்.

"நவுந்தது நவுந்ததுதான். இந்த எடத்துல காத்து கம்மி. எனக்கு வசதியா கீது."

எனக்கு வந்ததே கோபம்! "ஒரு சட்டையைக் காட்டலன்னுதான இந்த வீம்பு?" என்று எல்லார் முன்னாலும் கத்திவிட்டேன். அவர் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு போய்விட்டார். அத்தை மகள் என்னை முறைத்தாள். "வேல முடிஞ்சிருக்கும். கெட்த்துட்ட" என்றாள்.

அம்மாவுக்குப் போன் போட்டேன். "கத்துனியா?" என்பதுதான் முதல் கேள்வி. ம் என்றேன். "ஒங்கப்பனும் இப்டித்தான். அவருகிட்ட பொங்கலுக்குப் பொங்கல் சண்ட போடும்" என்று போனை வைத்துவிட்டாள்.

அன்று அத்தை மகள் வீட்டிலேயே தங்கினேன். காலையில் நண்பனும் கேமராவோடு வந்து சேர்ந்தான். இரண்டு பேருமாகப் பெரியப்பா வீட்டுக்குப் போனோம். அவர் முற்றத்தில் புளி உடைத்துக்கொண்டிருந்தார், நிமிரவில்லை.

"ஒங்களைப் படம் எடுக்க வந்திருக்கோம், பெரியப்பா."

"சட்ட தொவச்சிப் போட்டிருக்குது."

"வேற சட்டை போட்டுக்கங்க."

"அதான் நல்ல சட்ட."

"சரி. காயட்டும். ஒக்காந்திருக்கோம்."

மலைப் பனியில் ஒரு சட்டை காய எவ்வளவு நேரம் ஆகும் என்று அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது. நாங்களும் உட்கார்ந்து புளி உடைத்தோம். நண்பனுக்குக் கை பிசுபிசுத்து, லென்ஸைத் தொடப் பயந்து, கையைத் தூக்கிக்கொண்டே இருந்தான். அதைப் பார்த்துப் பெரியப்பா லேசாகச் சிரித்தார். மத்தியானத்துக்கு மேல் கொடியில் இருந்து சட்டையை எடுத்துத் தடவிப் பார்த்து, ஈரத்தோடேயே போட்டுக்கொண்டு வந்து உட்கார்ந்தார்.

"இன்னா பேசணும்?"

"எங்க அப்பாவும் நீங்களும் பொங்கலன்னிக்கு ஏன் சண்ட போடுவீங்க?"

"பொகை!" என்றார். அவ்வளவுதான், மடை திறந்துகொண்டது. "ஒங்கப்பன் ஈர வெறகா எட்த்துக்கினு வருவான். காத்து இந்தப் பக்கம். மொத்தப் பொகையும் என் கண்ணுல. நா கத்துவேன். அவன் வேணும்னே இன்னும் ரெண்டு ஈரக் கட்டையைச் சொருவுவான். அவம் பானை பொங்கறதுக்குள்ள எனக்குக் கண்ணு கோவப்பழமா ஆய்டும். அவன் போனப்புறம் ஒங்க பக்கம் பொகையே இல்ல. நல்லாதான் இருந்துது. கண்ணு எரியல." துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். நண்பன் கேமராவை நிறுத்தவில்லை. நானும் நிறுத்தச் சொல்லவில்லை.

கல்லைப் பற்றி அவர் ஒரு வார்த்தை சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. இந்த முறை வாயை மூடிக்கொண்டிருந்தேன்.

பொங்கல் அன்று அம்மா முதல் பஸ்ஸில் வந்து இறங்கினாள். இடுப்பில் புதுப் பானை, கையில் ஒரு கட்டு விறகு. வெளி நிறைய ஜனம். வரிசையில் எல்லா அடுப்புக்கும் ஆள் வந்தாயிற்று. எங்கள் இடத்தில் பெரியப்பாவின் கற்கள் அப்படியே இருந்தன. அவரைக் காணவில்லை. அம்மா பானையை இறக்காமலே நின்றாள். "கடைசீல போய் வெச்சிக்கலாமா?" என்று அவளே மெதுவாகக் கேட்டாள். என் மேல் இருந்த கோபத்தை விட்டுவிட்டு அவள் அப்படிக் கேட்டது எனக்கு இன்னும் வலித்தது.

அப்போது நீலச் சட்டை வந்தது. யாரையும் பார்க்காமல் நேராக வந்து, கேமரா எந்தப் பக்கம் இருக்கிறது என்று மட்டும் ஒரு பார்வை பார்த்துக்கொண்டு, குனிந்து தன் கற்களை ஒவ்வொன்றாகத் தூக்கிப் பழைய இடத்தில் வைத்தார்.

நான் அன்றைக்கு வெயிலில் விட்டுப் போன இடத்துக்கு ஓடி எங்கள் கற்களை எடுத்து வந்தேன். முதல் கல், இரண்டாவது கல், மூன்றாவது கல். கவுண்டர் குரலை உயர்த்தினார்.

"எந்த வூடு?"

இந்த மாதிரிக் கேள்விக்குப் பதிலாகத்தான் நான் ஒரு முழுப் படம் எடுத்து வைத்திருந்தேன். மூடுபனியும் பூட்டிய கதவும் வரிகளுமாக.

"பலாமரத்து வூடு" என்றேன்.

"ஆமா, எங்க பக்கத்து வூடுதான்!" அத்தை மகள் கவுண்டர் கேட்பதற்கு முன்பே கத்தினாள். எல்லோரும் பெரியப்பா பக்கம் திரும்பினார்கள். அவர் சட்டைக் காலரைச் சரி செய்தார். நண்பனைப் பார்த்து, "ஓடுதா?" என்று கேட்டார். அவன் தலையாட்டினான். "ஆமா" என்றார் பெரியப்பா. "எங்க பக்கத்து வூடுதான்."

அம்மா உட்கார்ந்து அடுப்பு பற்ற வைத்தாள். விறகு புகைந்தது. ஒரு கணத்தில் வரிசையின் அந்தப் பக்கமே மறைந்துபோனது. உள்ளே இருந்து பெரியப்பாவின் இருமல் கேட்டது. "ஈர வெறகா?" அம்மாவின் சிரிப்பும் கேட்டது. நான் எங்கள் கற்களுக்கு முன்னால் குந்தி, வாய் வலிக்கிற வரைக்கும் ஊதினேன்.

படம் இப்போது அந்தக் காட்சியோடுதான் முடிகிறது. நான் எழுதி வைத்த வரிகளை எல்லாம் எடுத்துவிட்டேன். வெளிச்சம் எதிரில் இருந்து அடிக்கிறது, குறுக்கே யார் யாரோ நடக்கிறார்கள், ஒரு ஆடு கேமராவை முட்டுகிறது. அம்மா சுத்தமாகத் தெரியவே இல்லை. நண்பனுக்கு அதுதான் குறை. இன்னொரு முறை எடுத்திருக்கலாம் என்று சொல்லிக்கொண்டே இருக்கிறான்.

போளூர் வீட்டில் அம்மாவுக்குப் போட்டுக் காட்டினேன். இந்த முறை பனி எப்போது விலகும் என்று கேட்கவில்லை. கடைசிக் காட்சி வந்ததும் மூக்குக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு நகர்ந்து உட்கார்ந்தாள்.

"இதுல நா எங்க?"

"இதோ, இந்தப் பொகைக்குப் பின்னாடிம்மா. அத்தை மகளுக்கும் பெரியப்பாவுக்கும் நடுவுல. மொகம் தெரியல. வேணும்னா சொல்லு, வேற காட்சி போட்டுடறேன்."

அம்மா திரைக்குக் கிட்டே போய் அந்தப் புகையை விரலால் தொட்டுப் பார்த்தாள்.

"ஒண்ணும் மாத்தாத" என்றாள். "மூஞ்சி தெரியலன்னா இன்னாடீ? எடம் தெரியுதில்ல?"